அர்குயிதோ: சந்தேக நபரா, குற்றம் சாட்டப்பட்டவரா?

கேள்வி இதுதான். கேட்டவருடைய தம்பி லிஸ்பனில் வேலை பார்க்கிறார். ஒரு சனிக்கிழமை ராத்திரி பார்ட்டி முடிந்து காரை எடுத்தவரை வழியில் நிறுத்தி ஊதச் சொல்லியிருக்கிறார்கள். ஸ்டேஷனுக்குக் கூட்டிப்போய்ச் சில காகிதங்களில் கையெழுத்து வாங்கிக்கொண்டு விடியற்காலையில் அனுப்பிவிட்டார்கள். அந்தக் காகிதங்களை யாரோ ஆங்கிலத்தில் மொழிபெயர்த்துக் கொடுத்திருக்கிறார். முதல் பக்கத்தில் தம்பி 'சஸ்பெக்ட்'. இரண்டாம் பக்கத்தில் 'அக்யூஸ்டு'. கடைசிப் பக்கத்தில் 'டிஃபெண்டன்ட்'. மூலத்தில் மூன்று இடத்திலும் ஒரே சொல்தான் இருக்கிறது, 'அர்குயிதோ' என்று. "இதில் எது சரி? என் தம்பி மேல் கேஸ் இருக்கிறதா, இல்லையா?"

போர்ச்சுகீசியச் சட்டக் காகிதங்களை ஆங்கிலத்துக்கு மாற்றுவதுதான் எனக்குச் சோறு போடுகிற வேலை. இந்த ஒரு சொல்லோடு பட்ட பாடு வேறெந்தச் சொல்லோடும் பட்டதில்லை, அதனால் கொஞ்சம் நீட்டித்தான் சொல்வேன். அவசரமாகப் படிப்பவர்களுக்கு மட்டும் முதலிலேயே: உங்கள் தம்பி மேல் விசாரணை இருக்கிறது, அந்தக் காகிதங்கள் எழுதிய அன்று குற்றப்பத்திரிகை வந்திருக்கவில்லை. அந்த மூன்று ஆங்கிலச் சொல்லில் எது பொருந்தும் என்பது, வழக்கு எந்தக் கட்டத்தில் நிற்கிறது, மொழிபெயர்ப்பை எந்த நாட்டுக்காரர் படிக்கப் போகிறார் என்ற இரண்டையும் பொறுத்தது.

முதலில் உச்சரிப்பு. 'அர்-க்வீ-தோ' என்று எழுதிக் காட்டலாம். ஆனால் லிஸ்பன்காரர் வாயில் கடைசி 'ஓ' ஓகாரமாக வராது, நம்முடைய குற்றியலுகரம் மாதிரி தேய்ந்து 'து' என்று முடியும். பெண்ணாக இருந்தால் அர்குயிதா. வேர் லத்தீன் 'அர்குவெரே'. தெளிவுபடுத்து, மெய்ப்பி, குற்றம் சுமத்து என்றெல்லாம் அதற்குப் பொருள். ஆங்கிலத்தில் வாக்குவாதம் செய்வதற்குச் சொல்கிற 'ஆர்க்யூ'வும் அதே வேரில் வந்ததுதான். இதைத் தெரிந்துகொண்டால் சந்தோஷம், மொழிபெயர்ப்புக்கு ஒரு பிரயோசனமும் கிடையாது.

இப்போது தம்பி கையெழுத்துப் போட்ட காகிதத்துக்கு வருவோம். போர்ச்சுகலில் ஒரு லிட்டர் ரத்தத்துக்கு 0.5 கிராமுக்குக் கீழே ஆல்கஹால் இருந்தால் பொதுவாக விட்டுவிடுகிறார்கள். 0.5-ஐத் தொட்டு 1.2-க்குக் கீழே என்றால் அபராதத்தோடும் கொஞ்ச நாள் வண்டி ஓட்டத் தடையோடும் போகும், அது குற்ற வழக்கு ஆகாது. 1.2-ஐத் தொட்டால் தண்டனைச் சட்டத்தின் 292-வது பிரிவு வந்துவிடும்: ஒரு வருடம் வரை சிறை, அல்லது அபராதம். உங்கள் தம்பி அந்தக் கோட்டைத் தாண்டியிருக்க வேண்டும். தாண்டாதவரை அர்குயிதோ ஆக்க மாட்டார்கள்.

அந்தக் கட்டில் முதல் காகிதத்தின் தலைப்பு 'ஆட்டோ தெ கொன்ஷ்டிதுயிசாவோ தெ அர்குயிதோ' என்று இருக்கும். ஒருவரை அர்குயிதோவாக அமர்த்தியதற்கான பதிவு என்று அர்த்தம். 'கொன்ஷ்டிதுயிர்' என்ற வினையைக் கவனியுங்கள். ஒரு கமிட்டியை அமைக்கிறோம், ஒருவரைக் காப்பாளராக நியமிக்கிறோம் என்று சொல்கிற மாதிரியான வினை அது. 'நீ இன்றுமுதல் இந்த வழக்கில் அர்குயிதோ' என்று அதிகாரி வாயாலோ எழுத்தாலோ அறிவிக்க வேண்டும், உரிமைகளையும் கடமைகளையும் எடுத்துச் சொல்ல வேண்டும். அந்த நொடியிலிருந்துதான் அந்த நிலை பிறக்கிறது. போலீஸ்காரர் இதைச் செய்தால் பத்து நாளுக்குள் அரசு வழக்குத் துறையிடம் தெரிவித்து ஒப்புதல் வாங்க வேண்டும். முறைப்படி அறிவிக்காமல் ஒருவரிடம் வாக்குமூலம் வாங்கினால் அதை அவருக்கு எதிராகப் பயன்படுத்த முடியாது.

காகிதத்தில் உரிமைகள் வரிசையாக அச்சடிக்கப்பட்டிருக்கும். தன் மேல் என்ன சொல்கிறார்கள் என்று தெரிந்துகொள்ளலாம். சம்பவத்தைப் பற்றிய கேள்விகளுக்குப் பதில் சொல்லாமல் இருக்கலாம். வழக்கறிஞர் வைத்துக்கொள்ளலாம், அவரோடு தனியாகப் பேசலாம். கடமைகளும் உண்டு. கூப்பிட்டால் வர வேண்டும், பெயர் முகவரி விஷயத்தில் பொய் சொல்லக் கூடாது, கூடவே இன்னொரு காகிதத்திலும் கையெழுத்துப் போட வேண்டும். அந்த இரண்டாவது காகிதத்தை 'தெர்மோ' என்பார்கள். அடையாளத்துக்கும் வசிப்பிடத்துக்குமான உறுதிமொழி அது. அதைப் பற்றிக் கடைசியில் சொல்கிறேன், உங்களுக்கு உண்மையில் முக்கியமானது அதுதான்.

இங்கே ஒரு விஷயம் புரிந்தால் மீதி தானாகப் புரியும். போர்ச்சுகல் சட்டத்தில் 'சுஷ்பெய்தோ' என்று வேறொரு சொல்லும் இருக்கிறது. சந்தேகத்துக்குரியவர் என்று அர்த்தம். குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் முதல் பிரிவே அதற்கு விளக்கம் கொடுக்கிறது. ஒருவர் குற்றம் செய்தார், அல்லது செய்யத் தயாராகிறார் என்று அறிகுறி இருந்தால் அவர் சுஷ்பெய்தோ. அது போலீஸ்காரர் மனதில் இருக்கிற நிலை. தனக்கே தெரியாமல் ஒருவர் வருடக்கணக்கில் சுஷ்பெய்தோவாக இருக்கலாம். தனக்குத் தெரியாமல் யாரும் அர்குயிதோவாக இருக்க முடியாது. ஆகவே அர்குயிதோவை வெறும் 'சஸ்பெக்ட்' என்று போட்டால், மூலத்தில் தனித்தனியாக இருக்கிற இரண்டு ஆட்களை ஒரே ஆளாக்கிவிடுகிறோம். அதே காகிதத்தில் சுஷ்பெய்தோவும் வந்துவிட்டால் மொழிபெயர்ப்பாளர் தலையில் கைவைத்து உட்கார வேண்டியதுதான். எனக்கு அப்படி ஆகியிருக்கிறது.

சாட்சியோடு ஒப்பிட்டால் இன்னும் தெளிவாகும். சாட்சி உண்மை சொல்லியே ஆக வேண்டும், மறுத்தால் அதுவே குற்றம். அர்குயிதோ வாய்மூடி இருக்கலாம். அதனால்தான் 59-வது பிரிவு விநோதமாகத் தோன்றும் ஒரு காரியத்தை அனுமதிக்கிறது: போலீஸ் தன்னைக் குறிவைத்துத் தோண்டுகிறது என்று தெரிந்தவர், 'என்னை அர்குயிதோ ஆக்குங்கள்' என்று தானே கேட்கலாம். 'அக்யூஸ்டு' என்ற ஆங்கிலச் சொல்லை இந்த இடத்தில் வைத்துப் பாருங்கள். 'என்மேல் குற்றம் சாட்டுங்கள்' என்று ஒருவர் மனுப் போட்டதாக ஆகும். படிப்பவர் சிரிப்பார். சாட்சியாக ஒருவரை விசாரித்துக்கொண்டிருக்கும்போதே அவர் மேல் சந்தேகம் வலுத்தால், அதே நொடியில் கேள்வியை நிறுத்திவிட்டு அவரை அர்குயிதோ என்று அறிவிக்க வேண்டும் என்பதும் அதே பிரிவுதான்.

ஆங்கிலம் பேசும் உலகம் இந்தச் சொல்லைக் கற்றுக்கொண்ட விதம் துக்கமானது. 2007 மே 3-ஆம் தேதி போர்ச்சுகலின் தெற்குக் கடற்கரையில் உள்ள ப்ரையா த லூஷ் என்ற ஊரில், விடுமுறைக்கு வந்திருந்த பிரிட்டிஷ் குடும்பத்தின் குழந்தை மேடலின் மெக்கேன் காணாமல் போனாள். அதே மாத நடுவில் அந்த ஊரில் வசித்த ராபர்ட் முராட் என்பவரை அர்குயிதோ ஆக்கினார்கள். லண்டன் பத்திரிகைகளுக்கு இந்தச் சொல் புதிது. முதல் நாள் சாய்வெழுத்தில் போட்டு விளக்கம் கொடுத்தார்கள். கொஞ்ச நாளில் விளக்கம் காணாமல் போனது, சாய்வெழுத்தும் போனது. பேருந்தில் போகிறவர்கூடச் சொல்கிற சொல்லாகிவிட்டது. சொல் போய்ச் சேர்ந்ததே தவிர அர்த்தம் போய்ச் சேரவில்லை. 'அவன்தான் செய்தான் என்று போலீஸ் முடிவு கட்டிவிட்டது' என்பதுபோலத்தான் அது காதில் விழுந்தது.

செப்டம்பரில் குழந்தையின் பெற்றோர் முறை வந்தது. 6-ஆம் தேதி தாய் கேட் மெக்கேனைச் சாட்சியாக வைத்து மணிக்கணக்கில் விசாரித்தார்கள். மறுநாள் 7-ஆம் தேதி அவரை அர்குயிதா என்று அறிவித்துவிட்டு மறுபடி கேள்வி கேட்டார்கள். முதல் நாள் பதில் சொல்லக் கடமைப்பட்டவர் மறுநாள் மௌனமாக இருக்க உரிமை பெற்றார், அதைப் பயன்படுத்தவும் செய்தார். போர்ச்சுகீசியர் கண்ணுக்கு இதில் அதிசயம் எதுவும் இல்லை. நிலை மாறியதால் விதியும் மாறியது, அவ்வளவுதான். பிரிட்டனில் அதுவே 'பதில் சொல்ல மறுத்தார்' என்று தலைப்புச் செய்தியானது. 2008 ஜூலை 21-ஆம் தேதி விசாரணையை மூடியபோது பெற்றோர், முராட் மூவரின் அர்குயிதோ நிலையும் நீங்கியது. மூவர் மேலும் குற்றச்சாட்டு என்று ஒன்று எழுதப்படவே இல்லை. அதே ஜூலையில், அவதூறாக எழுதிய பிரிட்டிஷ் பத்திரிகைகள் முராட்டுக்கு 6 லட்சம் பவுண்டு கொடுத்தன. அதற்கு முன்பே, மார்ச்சில், இன்னொரு பத்திரிகைக் குழுமம் பெற்றோரிடம் மன்னிப்புக் கேட்டு 5.5 லட்சம் பவுண்டு கொடுத்திருந்தது. ஒரு சொல்லைச் சரியாகப் புரிந்துகொள்ளாததற்கு மட்டும் கொடுத்த விலை என்று இதைச் சொன்னால் அது மிகைதான், வேறு கொழுப்பும் இருந்தது. ஆனாலும் அந்தச் சொல்லுக்கு அதில் பங்கில்லை என்று சொல்லிவிட முடியாது.

பெற்றோரை அர்குயிதோ ஆக்கி எட்டே நாளில், செப்டம்பர் 15-ஆம் தேதி, போர்ச்சுகலில் சட்டத் திருத்தம் ஒன்று நடப்புக்கு வந்தது. அதுவரை, குறிப்பிட்ட ஒருவருக்கு எதிராக விசாரணை நடக்கிறது, அவர் வாக்குமூலம் கொடுக்க வருகிறார் என்றாலே அர்குயிதோ ஆக்கலாம். திருத்தத்துக்குப் பிறகு 'ஆதாரமுள்ள சந்தேகம்' இருக்க வேண்டும். ஆகவே பழைய கட்டுரைகளில் 'போர்ச்சுகலில் யாரை வேண்டுமானாலும் அர்குயிதோ ஆக்கிவிடுவார்கள்' என்று படித்தால் அது எந்த வருடக் கட்டுரை என்று பாருங்கள்.

இன்னொரு விளைவும் உண்டு, ஆங்கிலச் சொல் எதுவும் அதைக் காட்டாது. ஒருவரை அர்குயிதோ ஆக்கினால் குற்ற வழக்குக்கான காலவரம்பு அங்கே அறுந்து, மறுபடி முதலிலிருந்து ஓடத் தொடங்கும். 2022 ஏப்ரலில், மேடலின் காணாமல் போய்ப் பதினைந்து வருடம் நிறைய இரண்டு வாரம் இருக்கும்போது, ஜெர்மனியில் சிறையிலிருந்த ஒருவரைப் போர்ச்சுகல் அர்குயிதோ ஆக்கியது. 'போலீசுக்குப் புதிதாக ஏதோ கிடைத்துவிட்டது' என்று ஆங்கில வாசகர் நினைத்தார்கள். போர்ச்சுகீசிய வழக்கறிஞர்கள் முதலில் காலண்டரைத்தான் பார்த்தார்கள்.

இனி சொல்லின் மறுகோடி. இதுவரை சொன்னதைப் பார்த்தால் அர்குயிதோ என்பது விசாரணையின் தொடக்கத்தில் மட்டும் வருவது போலத் தோன்றும். அப்படியில்லை. குற்றப்பத்திரிகை வந்த பிறகும் அவர் அர்குயிதோதான். நீதிமன்றத்தில் எழுந்து நிற்கும்போதும் அர்குயிதோதான். கீழ்க்கோர்ட்டில் தண்டனை விதித்து அவர் மேல்முறையீடு செய்திருந்தால் அப்போதும் அர்குயிதோதான். அரசியல் சட்டத்தின் 32-வது பிரிவு, தண்டனைத் தீர்ப்பு இறுதியாகும்வரை ஒவ்வொரு அர்குயிதோவும் நிரபராதி என்றே கொள்ளப்படுவார் என்கிறது.

2005 முதல் 2011 வரை பிரதமராக இருந்த ஜூசே சோக்ரடெஸின் வழக்கைப் பாருங்கள். 2014 நவம்பரில் லிஸ்பன் விமான நிலையத்தில் கைதானார், அர்குயிதோ ஆனார். குற்றப்பத்திரிகை 2017 அக்டோபரில்தான் வந்தது. 2021 ஏப்ரலில் விசாரணை நீதிபதி ஒருவர் அதில் பெரும்பகுதியைத் தள்ளினார். 2024 ஜனவரியில் மேல் நீதிமன்றம் அதைத் திரும்பச் சேர்த்தது. 2025 ஜூலையில் விசாரணை மன்றத்தில் தொடங்கியது. அவர் எல்லாவற்றையும் மறுக்கிறார். இந்தப் பத்தரை வருடமும் போர்ச்சுகீசியப் பத்திரிகை அவரைக் குறிக்க ஒரே சொல்லை வைத்துக்கொண்டு வண்டியை ஓட்டிவிட்டது. அதே செய்தியை ஆங்கிலத்தில் எழுதுபவர் 2014-ல் 'ஃபார்மல் சஸ்பெக்ட்', 2017-ல் 'சார்ஜ்டு', 2025-ல் 'டிஃபெண்டன்ட்' என்று மூன்று தனித்தனிச் சொல் போட்டாக வேண்டும். மாற்றாமல் ஒரே சொல்லைப் பிடித்துத் தொங்கினால் ஏதாவது ஒரு வருடத்தில் பொய் சொன்னவர் ஆவார்.

உங்கள் மொழிபெயர்ப்பாளர் மூன்று சொல்லைப் போட்டதை இப்போது யோசித்துப் பாருங்கள். சொல்லை மாற்றியது தப்பில்லை. ஒரே ராத்திரியில், ஒரே கட்டத்தில் எழுதிய காகிதத்துக்குள் மாற்றியதுதான் தப்பு.

இனி 'அக்யூஸ்டு'. நம் ஊரில் எஃப்ஐஆரில் பேர் ஏறியதுமே ஏ1, ஏ2 என்று நம்பர் போட்டு 'அக்யூஸ்டு' என்று சொல்லிவிடுகிறோம். கோர்ட் தமிழில் முதல் எதிரி, இரண்டாம் எதிரி. அந்தப் பழக்கத்தில் வந்த மொழிபெயர்ப்பாளருக்கு அர்குயிதோவைப் பார்த்ததும் 'அக்யூஸ்டு'தான் நாக்கில் வரும். சென்னையில் படிக்கிறவருக்கு அது பெரிய தப்பாகவும் தெரியாது. லண்டனிலோ டொரோண்டோவிலோ படிப்பவருக்கு அக்யூஸ்டு என்றால் குற்றச்சாட்டு பதிவானவர். போர்ச்சுகீசிய மொழியிலேயே 'அகுசாசாவோ' என்று குற்றப்பத்திரிகைக்குத் தனிச் சொல் இருக்கிறது. அரசு வழக்குத் துறை விசாரணையை முடித்துவிட்டு எழுதுவது அது. அது வருமுன் அக்யூஸ்டு என்று போட்டால், வராத குற்றப்பத்திரிகையை மொழிபெயர்ப்பாளரே எழுதிவிட்டார் என்று ஆகும். விசா படிவங்களில் 'உங்கள்மேல் எப்போதாவது குற்றம் சாட்டப்பட்டதா' என்று ஒரு கட்டம் இருக்குமே, அங்கே வந்து கடிக்கும் இது.

'டிஃபெண்டன்ட்' வேறு மாதிரிச் சிக்கல். ஆங்கிலத்தில் கடன் வழக்கில் எதிர்த்தரப்பும் டிஃபெண்டன்ட், கொலை வழக்கில் கூண்டில் நிற்பவரும் டிஃபெண்டன்ட். போர்ச்சுகலில் சொத்து, கடன் வழக்கு என்றால் 'ரேயு', குற்ற வழக்கு என்றால் அர்குயிதோ, கலக்கவே மாட்டார்கள். இதில் தமிழ் போர்ச்சுகீசியப் பக்கம்தான். சிவில் வழக்கில் பிரதிவாதி, குற்ற வழக்கில் எதிரி என்று நாமும் பிரித்தே வைத்திருக்கிறோம். வழக்கு விசாரணைக்கு வந்த பிறகு எழுதிய தீர்ப்புகளில் மட்டும் டிஃபெண்டன்ட் என்று போடுவது என் வழக்கம். ஸ்டேஷன் காகிதத்தில் போட மாட்டேன்.

அமெரிக்கப் பத்திரிகைகளில் 'பெர்சன் ஆஃப் இன்ட்ரெஸ்ட்' என்று எழுதுவதும் கண்ணில் படுகிறது. அது சுத்தமாகப் பொருந்தாது. அமெரிக்காவில் அந்தத் தொடருக்குச் சட்டத்தில் இடமே கிடையாது, போலீஸ்காரர் மைக் முன்னால் நழுவலாகச் சொல்கிற பேச்சு. அர்குயிதோவோ காகிதமும் கையெழுத்தும் உள்ள நிலை. இங்கிலாந்து நடைமுறையில் இதற்குப் பக்கத்தில் வருவது, 'நீங்கள் எதுவும் சொல்ல வேண்டியதில்லை' என்று எச்சரித்துவிட்டு நடத்தும் விசாரணை. ஆனால் அந்த எச்சரிப்பில், இப்போது சொல்லாததைப் பிறகு கோர்ட்டில் சொன்னால் அது உங்களுக்குப் பாதகமாகலாம் என்று ஒரு வால் உண்டு. அர்குயிதோவின் மௌனத்துக்கு அந்த வால் கிடையாது.

நான் செய்வது இது. முதல் முறை வரும்போது அர்குயிதோ என்றே எழுதி, கூடவே ஒரு வரியில் விளக்கம் தருவேன்: 'விசாரணைக்கு உள்ளானவர் என்று முறைப்படி அறிவிக்கப்பட்டு, அதற்குரிய உரிமைகளும் கடமைகளும் உள்ளவர், குற்றச்சாட்டு பதிவானதாக இதற்குப் பொருள் இல்லை.' அதன் பிறகு காகிதம் முழுக்க அர்குயிதோ. இடமில்லாத இடத்தில், படிவம், அட்டவணை போன்றவற்றில், 'ஃபார்மல் சஸ்பெக்ட்'. அதுவும் அரைகுறைதான், ஆனாலும் அந்த 'ஃபார்மல்' என்ற ஒட்டு சுஷ்பெய்தோவிடமிருந்து பிரித்துக் காட்டிவிடும். மூலச்சொல்லை அப்படியே விடுவது மொழிபெயர்ப்பாளரின் சோம்பேறித்தனம் என்று சில நண்பர்கள் சண்டைக்கு வருவார்கள். போர்ச்சுகீசியரின் 'லெய்லாவோ'வை ஏலம் என்று எடுத்துக்கொண்டு நாம் ஊரெல்லாம் ஏலம் விடவில்லையா? வேறு சொல் கிடைக்காத இடத்தில் கடன் வாங்குவதில் வெட்கம் எதற்கு?

பிரேசில் ஆவணம் என்றால் மேலே சொன்ன எதையும் எடுத்துக்கொண்டு போகாதீர்கள். மொழி ஒன்றுதான், அகராதி வேறு. அங்கே குற்ற வழக்கில் இந்த நிலைக்கு அர்குயிதோ என்று யாரும் சொல்வதில்லை. போலீஸ் விசாரணையின் முடிவில் 'இன்திசியாதோ', அரசு வழக்கறிஞர் குற்றம் சுமத்தினால் 'தெனுன்சியாதோ', நீதிமன்றம் அதை ஏற்றால் 'ரேயு'. ஆம், போர்ச்சுகலில் சிவில் வழக்குக்குப் போன அதே ரேயு இங்கே குற்ற வழக்கிலும் உட்கார்ந்திருக்கிறது. இன்திசியாதோ இன்னொரு பொறி. 2024 நவம்பரில் மத்திய போலீஸ் முன்னாள் அதிபர் பொல்சொனாரோவை இன்திசியார் செய்தபோது பல ஆங்கிலச் செய்திகள் 'இன்டைக்டட்' என்று போட்டன. அமெரிக்கர் காதில் அது கிராண்ட் ஜூரி என்கிற குடிமக்கள் குழு சுமத்தும் குற்றச்சாட்டு. உண்மையில் அது போலீஸின் கருத்து மட்டுமே. அரசு வழக்கறிஞர் குற்றம் சுமத்தியது 2025 பிப்ரவரியில், உச்ச நீதிமன்றம் ஏற்றது மார்ச்சில். பிப்ரவரியில் அந்தப் பத்திரிகைகள் மறுபடி அவரைக் 'குற்றம் சாட்டியபோது' வாசகர்கள் குழம்பியதில் ஆச்சரியம் இல்லை.

பக்கத்து நாடுகளிலும் இதே அவஸ்தை. ஸ்பெயினில் 'இம்புதாதோ' (குற்றம் சுமத்தப்பட்டவர்) என்ற சொல் வசைபோல ஆகிவிட்டதென்று 2015-ல் சட்டத்தைத் திருத்தி, விசாரணைக் கட்டத்தில் 'இன்வெஸ்திகாதோ' (விசாரிக்கப்படுபவர்) என்று மாற்றினார்கள். பிரான்ஸும் 1993-ல் பழைய சொல்லைத் தூக்கிவிட்டு 'விசாரணையில் வைத்தல்' என்று பொருள்படும் தொடரைக் கொண்டுவந்தது. சொல்லை மாற்றினால் கறை போகும் என்ற நம்பிக்கை. புதுச் சொல்லும் கொஞ்ச நாளில் கறைபட்டுவிடும் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. சீனாவை ஒட்டிய பழைய போர்ச்சுகீசியக் காலனி மக்காவுவில் கறை எழுத்திலேயே ஏறிவிட்டது. போர்ச்சுகல் ஆட்சியின் கடைசி வருடங்களில் வந்த அந்த ஊர்க் குற்றவியல் நடைமுறைச் சட்டம் போர்ச்சுகீசியம், சீனம் இரண்டிலும் இருக்கிறது. அதில் அர்குயிதோவுக்குச் சீனத்தில் போட்டிருக்கும் இரண்டு எழுத்தில் ஒன்று 'சந்தேகம்', மற்றது 'குற்றவாளி'.

கோவாவைப் பற்றியும் கேட்பீர்கள். 1961-க்குப் பிறகு குற்றவியல் பக்கம் இந்தியச் சட்டம் வந்துவிட்டதால் அர்குயிதோ அங்கே இல்லை. சொத்து, வாரிசுரிமைப் பக்கம் போர்ச்சுகீசியம் இன்னும் மூச்சுவிடுகிறது. இறந்தவர் சொத்தைப் பங்கிடும் வழக்குக்கு அங்கே ஆங்கிலத்தில் 'இன்வென்டரி புரொசீடிங்ஸ்' என்றே பெயர். கேட்டால் மளிகைக்கடையில் ஸ்டாக் எடுப்பது போல இருக்கும்.

தமிழில் என்ன எழுதுவது? 'குற்றவாளி' கூடவே கூடாது. 'எதிரி' நம் கோர்ட் வழக்கில் சரி, வெளி வாசகருக்குச் சண்டைக்காரன் போலத் தொனிக்கும். 'சந்தேக நபர்' சுஷ்பெய்தோவுக்கு வேண்டும். நான் 'விசாரணைக்கு உள்ளானவர்' என்று எழுதிப் பார்க்கிறேன். நீளம்தான், ஆனால் பொய் இல்லை.

இப்போது உங்கள் தம்பி. மொழிபெயர்ப்பைத் திருப்பிக் கொடுத்து மூன்று இடத்திலும் ஒரே சொல்லாக மாற்றச் சொல்லுங்கள். குற்றப்பத்திரிகை வந்துவிட்டதா என்று அந்த ஊர் வழக்கறிஞரிடம் விசாரியுங்கள். இந்த மாதிரி வழக்குகளில் நிபந்தனை விதித்து, வண்டி ஓட்டவும் தடை போட்டு, வழக்கை நிறுத்திவைக்கவும் சட்டத்தில் வழி இருக்கிறது. மொழி தெரியாத அர்குயிதோவுக்கு எந்த நடவடிக்கையிலும் வழக்கறிஞர் உடனிருப்பது கட்டாயம். அர்குயிதோ ஆக்குகிற அந்த ஒரு காரியத்துக்கு மட்டும் விலக்கு வைத்திருக்கிறார்கள், அதனால்தான் அன்று ராத்திரி தம்பி தனியாகக் கையெழுத்துப் போட்டிருப்பார்.

கடைசியில் சொல்கிறேன் என்று வைத்திருந்த அந்த இரண்டாவது காகிதம். அதில் தம்பி ஒரு முகவரி கொடுத்திருப்பார். வீடு மாறினாலும், ஐந்து நாளுக்கு மேல் வெளியூர் போனாலும், புது இடத்தைத் தெரிவிப்பதாக ஒத்துக்கொண்டிருப்பார். இனி கோர்ட்டிலிருந்து வரும் எல்லாக் கடிதமும் சாதாரணத் தபாலில் அந்த முகவரிக்குத்தான் போகும். தபால்காரர் பெட்டியில் போட்டாலே தம்பிக்குக் கிடைத்ததாகக் கணக்கு. அவர் வராவிட்டாலும் விசாரணையை நடத்தி முடிக்கலாம். நம் பையன்கள் அங்கே ஒரு ரூமில் ஆறு பேர் இருப்பார்கள், மூன்று மாதத்துக்கு ஒருமுறை ரூம் மாறுவார்கள். அக்யூஸ்டா டிஃபெண்டன்டா என்பதெல்லாம் இருக்கட்டும். தம்பி இன்னும் அதே ரூமில்தான் இருக்கிறாரா என்று இன்றைக்கே போன் பண்ணிக் கேளுங்கள்.